ஆறு பாட்டில் உல்வா

அந்தத் திங்கட்கிழமை காலை நான் ஆய்வகத்துக்குள் நுழைந்தபோது ரெஹானா அழுதுகொண்டிருந்தாள்.

சத்தமில்லாத அழுகை. மழைக்கோட்டைக்கூடக் கழற்றாமல் ஸ்டூலில் உட்கார்ந்து, ஜன்னலோர மேடையில் வரிசையாக இருந்த ஆறு கண்ணாடி பாட்டில்களையே பார்த்துக்கொண்டிருந்தாள். கோட்டிலிருந்து சொட்டிய தண்ணீர் அவள் செருப்பைச் சுற்றிக் குட்டையாகக் கட்டியிருந்தது.

"செத்துப் போச்சு சுமதிக்கா. எல்லாமே" என்றாள்.

பாட்டில்களைப் பார்த்தேன். வெள்ளிக்கிழமை சாயங்காலம் நான் கதவைப் பூட்டிக்கொண்டு போகும்போது பச்சைப் பசேலென்று இருந்த பாசித் துண்டுகள் இப்போது வெளுத்துப்போய், ஊறிய டிஷ்யூ பேப்பர் மாதிரித் தொங்கின. தெளிவாக இருந்த தண்ணீர் கலங்கிப் பச்சையாகியிருந்தது.

"தொட்டியில இருந்தது எப்படிக்கா பாட்டிலுக்கு வந்துச்சு?"

"தொட்டி கசிஞ்சுதும்மா" என்றேன்.

அது உண்மைதான். ஆனால் முழு உண்மை இல்லை.

கழுவி வைக்கிறவள்

இந்தத் தொடரை இந்த வாரம்தான் கையில் எடுப்பவர்களுக்காக ஒரு வார்த்தை. நான் விஞ்ஞானி இல்லை. ஆவடியில், பூந்தமல்லி சாலையில் ஒரு கல்லூரியின் தாவரவியல் துறையில் ஆய்வக உதவியாளர். உதவியாளர் என்பது தாளில் இருக்கும் பேர். செய்வது கழுவுகிற வேலை. கண்ணாடிக் குடுவை, ஸ்லைடு, தட்டு, மேடை, தரை. வேலை நிரந்தரமும் இல்லை. வருகிற நாளுக்குத்தான் கூலி. நாளைக்கு வரவேண்டாம் என்று சொன்னால் போகவேண்டியதுதான்.

பிறந்தது பென்னாகரம் பக்கம். பன்னிரண்டாம் வகுப்பு வரை படித்தேன். தொழிற்சாலையில் வெல்டர் வேலை கிடைத்தவரைக் கட்டிக்கொண்டு ஆவடிக்கு வந்து, சேக்காட்டில் குடித்தனம். எங்கள் தெருவில் திருநெல்வேலிக்காரர் உண்டு, கோயம்புத்தூர்க்காரர் உண்டு. கடற்கரையில் பிறந்தவர் ஒருத்தர்கூட இல்லை. கடலுக்கும் எங்களுக்கும் இருந்த சம்பந்தம் ஞாயிற்றுக்கிழமை மீன் வண்டிதான்.

அப்படிப்பட்ட என்னிடம் ஒருநாள் ரெஹானா வந்து, "அக்கா, என்கூட எண்ணூருக்கு வரீங்களா? பாசி எடுக்கணும்" என்றாள்.

ரெஹானா பூந்தமல்லிப் பெண். முனைவர் பட்டத்துக்கு ஆராய்ச்சி செய்ய வந்தவள். இறால் பண்ணைகளிலிருந்து வெளியேறும் கழிவுநீரில் தேவைக்கு மேல் உரச்சத்து கிடக்குமாம். அது கால்வாயில் கலந்தால் தண்ணீர் கெட்டுப்போகும். ஆனால் உல்வா என்றொரு கடல்பாசிக்கு அந்தச் சத்துதான் சாப்பாடு. அதை வளர்த்துத் தண்ணீரைச் சுத்தப்படுத்த முடியுமா என்பதுதான் அவள் கேள்வி.

கடல்பாசி என்றதும் எனக்கு ஒரு சந்தேகம் வந்தது. "உங்க வீட்ல நோம்புக்குக் காய்ச்சுவாங்களே, அதுவாம்மா?"

சிரித்துவிட்டாள். "அது செவப்புப் பாசியில இருந்து எடுக்கிறதுக்கா. இது வேற. இது பச்சை."

ஆவடியில் இறங்கிய கடல்

ஆவடியில் மின்சார ரயில் ஏறி, பேசின் பிரிட்ஜில் இறங்கி, கும்மிடிப்பூண்டி வண்டி பிடித்தால் எண்ணூர். கரையை அலை அரிக்காமல் இருக்கப் போட்டிருக்கும் பாறாங்கற்களில்தான் பாசி இருந்தது. அலை பின்வாங்கும்போது கல்லெல்லாம் பச்சைத் துணி போர்த்திய மாதிரி இருக்கும். அங்கே வலை பின்னிக்கொண்டிருந்த தேசிங்கு அண்ணன்தான் எங்களுக்குக் கல்லில் இறங்கிப் பறித்துக் கொடுப்பார்.

"மீனு வாங்கத்தான் ஜனம் வரும். நீங்க இன்னாடான்னா பாசிய எத்துகினு போறீங்க" என்பார்.

"இதுக்கு உங்க ஊர்ல என்னண்ணா பேரு?"

"பேரா? வழுக்குற பாசி. கால வெச்சா ஆளத் தூக்கி அடிச்சிரும். அதுக்கு இன்னாத்துக்குப் பேரு?"

பாசியைக் கையில் வாங்கிய முதல் நாள் நினைவிருக்கிறது. மெல்லிசான பச்சை பாலிதீன் கவர் மாதிரி இருந்தது. உள்ளங்கையில் விரித்தால் கைரேகை தெரிந்தது. இரண்டே செல் தடிமன் என்றாள் ரெஹானா. வேர் இல்லை, தண்டு இல்லை, பூ இல்லை. மழையில் நனைந்த மீன் மார்க்கெட் மாதிரி ஒரு வாசனை.

பாசியோடு கடல் தண்ணீரும் வேண்டும். ஆளுக்கொரு கேன். ஆவடி ஸ்டேஷன் சாதாரண ஸ்டேஷன் இல்லை. சுற்றிலும் ராணுவத் தொழிற்சாலை, முகாம்கள். ஒருமுறை படிக்கட்டில் ஏறும்போதே ஒரு போலீஸ்காரர் மறித்தார்.

"கேன்ல இன்னாமா?"

"கடல் தண்ணி சார்."

"ஆவடில எதுக்குமா கடல் தண்ணி? தொற."

திறந்தேன். விரலை விட்டு நாக்கில் வைத்துப் பார்த்தார். "ஐய, நெஜமாவே உப்பு!" என்று முகத்தைச் சுளித்துக்கொண்டு, எங்களை விட்டால் போதும் என்று கையை ஆட்டினார். ரெஹானா ஆட்டோ ஸ்டாண்டு வரை சிரித்துக்கொண்டே வந்தாள். நானும்தான். அதற்குப் பிறகுதான் அவள் எனக்குத் தங்கை மாதிரி ஆனாள் என்று நினைக்கிறேன்.

இவ்வளவு பாடுபட்டுக் கொண்டுவந்தாலும் பாசி தங்கவில்லை. ஒரு வாரம், பத்து நாள், அழுகிவிடும். ஐப்பசி மழை தொடங்குவதற்கு முன்னால் கடைசியாக எடுத்துவந்த ஒரே ஒரு இலைதான் பிழைத்தது. பிழைத்ததோடு, பெரிய கண்ணாடித் தொட்டியில் விரிந்து விரிந்து தோளில் போடும் துண்டு அளவுக்கு வளர்ந்தது. ரெஹானா அதைத் தினமும் போட்டோ எடுப்பாள்.

அப்புறம் கடல் கொந்தளிக்கத் தொடங்கியது. "கல்லு கண்ணுக்கே தெர்ல எக்கா. மாசி வரிக்கும் இங்க வராதீங்க" என்று தேசிங்கு அண்ணன் போனில் சொல்லிவிட்டார். ஆராய்ச்சிக் குழு வந்து ரெஹானாவின் வேலையைப் பார்வையிட மூன்று வாரம் இருந்தது. அவளிடம் காட்டுவதற்கு இருந்தது அந்த ஒற்றை இலை.

வெள்ளிக்கிழமை நடந்தது

அன்று மழை வலுத்ததால் ரெஹானா நாலு மணிக்கே கிளம்பிவிட்டாள். நான் தரை துடைத்துக்கொண்டிருந்தேன். கூரையிலிருந்து ஒரு சொட்டு நேராகப் பாசித் தொட்டிக்குள் விழுவதைப் பார்த்தேன். பிறகு இன்னொரு சொட்டு. மழைத்தண்ணீர் கலந்தால் உப்பு குறைந்து பாசி கெட்டுவிடும் என்று ரெஹானா சொல்லியிருக்கிறாள். பதறிப்போய்த் தொட்டியை இழுத்தேன். மேடைக் குழாயில் இடித்தது. டக் என்று ஒரு சத்தம். கீழ் மூலையிலிருந்து மேலே வரை ஒரு கீறல். தண்ணீர் கசியத் தொடங்கியது.

ரெஹானாவுக்குப் போன் போட்டேன். எடுக்கவில்லை. மறுபடி போட்டேன். அந்த மழையில் பஸ்ஸில் இருந்திருப்பாள்.

வேறு பெரிய தொட்டி இல்லை. ஒரு லிட்டர் பாட்டில்கள்தான் ஆறு, கழுவிக் கவிழ்த்து வைத்திருந்தேன். எண்ணூர்த் தண்ணீர் ஒரு கேன் மிச்சமிருந்தது. ஆனால் இலை பாட்டில் வாய்க்குள் போகாது. சுருட்டிப் பார்த்தேன், மடித்துப் பார்த்தேன். கடைசியில் கண்ணை மூடிக்கொண்டு கிழித்தேன். ஆறு துண்டு. பழைய தண்ணீரின் கொழகொழப்பு ஒட்டியிருந்ததால் ஒவ்வொன்றையும் புதுக் கடல் தண்ணீரில் மூன்று முறை அலசினேன். பாட்டில்களில் போட்டு ஜன்னலோரம் வைத்தேன். உடைந்த தொட்டியை மேடைக்கு அடியில் தள்ளினேன்.

வீட்டுக்குப் போகும்போது சேக்காடு சப்வேயில் முழங்கால் தண்ணீர். அதில் நடக்கும்போதே தைரியம் கரைந்துவிட்டது. சனிக்கிழமை ரெஹானா தவறிய அழைப்பைப் பார்த்துத் திருப்பிக் கூப்பிட்டாள். "ஒண்ணுமில்லம்மா, பத்திரமாப் போய்ச் சேந்தியான்னு கேக்கத்தான்" என்று சொல்லிவிட்டேன்.

ஏன் அப்படிச் சொன்னேன்? தொட்டி விலை அதிகம். வேலை போய்விடும் என்ற பயம். அதைவிட, அந்தப் பெண் என்னைப் பற்றி என்ன நினைப்பாளோ என்கிற பயம்.

"எல்லாத்தையும் கொட்டிடுங்க"

திங்கட்கிழமைக்கே வருகிறேன். ரெஹானா அழுதுகொண்டிருக்கும்போது துறைத் தலைவர் உள்ளே வந்தார். கெட்டவர் இல்லை. கோபக்காரர். பாட்டில்களை ஒரு பார்வை பார்த்தார்.

"மூணு வாரம்தான் இருக்கு. என்னம்மா காட்டப் போற? இந்தக் கஞ்சியையா? என் ரூமுக்கு வா." வெளியே போகும்போது என் பக்கம் திரும்பி, "சுமதி, எல்லாத்தையும் கொட்டிட்டு பாட்டிலைக் கழுவி வைங்க" என்றார்.

முதல் பாட்டிலைச் சிங்க்கில் கவிழ்த்தேன். வெள்ளை இலை சொத்தென்று விழுந்தது. பச்சைத் தண்ணீர் சுழித்துக்கொண்டு ஓட்டைக்குள் போனது. அதை இன்றைக்கும் நினைத்தால் கை கூசுகிறது.

இரண்டாவது பாட்டிலை எடுக்கும்போதுதான் கவனித்தேன். தண்ணீர் முழுக்கப் பச்சையாக இல்லை. ஜன்னல் பக்கம் மட்டும் கண்ணாடியை ஒட்டி அடர்த்தியாக ஒரு பச்சைப் பட்டை. இந்தப் பக்கம் ஏறக்குறைய தெளிவாக இருந்தது. மற்ற பாட்டில்களைப் பார்த்தேன். எல்லாவற்றிலும் அப்படித்தான். ஜன்னல் பக்கம் பச்சை.

அழுகின சாறு என்றால் எல்லாப் பக்கமும்தானே பரவும்?

பாட்டிலை மெல்லத் திருப்பி வைத்தேன். பச்சைப் பட்டை இப்போது அறையைப் பார்த்துக்கொண்டிருந்தது. அடுத்த மேடையைத் துடைத்தேன். குப்பைக் கூடையை மாற்றினேன். திரும்பி வந்து பார்த்தேன்.

பச்சை மறுபடியும் ஜன்னல் பக்கம் போயிருந்தது.

இன்னொரு முறை திருப்பினேன். இந்த முறை அங்கேயே நின்று பார்த்தேன். புகை நகர்வது மாதிரி அது கலைந்து, கொஞ்சம் கொஞ்சமாக வெளிச்சத்தைப் பார்த்துப் போனது. செத்தது எங்கேயாவது நகருமா?

துறைத் தலைவர் அறைக்குள் அனுமதி கேட்காமல் நான் போனது அந்த ஒரு முறைதான். ரெஹானா தலை குனிந்து நின்றிருந்தாள். அவர் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தார்.

"சார், அது நகருது" என்றேன்.

"எது?"

"பச்சை, சார்."

என்னை ஒரு மாதிரி பார்த்தார். ஆனால் எழுந்து வந்தார்.

கண்

அவர் முன்னால் பாட்டிலைத் திருப்பிக் காட்டினேன். மூன்று பேரும் மூச்சு விடாமல் நின்றோம். பச்சை மெல்லக் கிளம்பி ஜன்னல் பக்கம் போய் ஒட்டிக்கொண்டது. அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டார்.

"ரெஹானா, ஒரு ஸ்லைடு போடு."

ரெஹானா ஒரு சொட்டு எடுத்து மைக்ரோஸ்கோப்பில் வைத்து, குனிந்து பார்த்தாள். பிறகு, "யா அல்லா!" என்று கத்தினாள். அழுகையா சிரிப்பா என்று தெரியாத ஒரு சத்தம். துறைத் தலைவரும் பார்த்தார். அப்புறம் ரெஹானா என் தோளைப் பிடித்து இழுத்து, "பாருங்கக்கா" என்றாள்.

ஆறு வருஷமாக அந்த மைக்ரோஸ்கோப்பைத் துடைத்து உறை போட்டிருக்கிறேன். அதற்குள் பார்த்ததில்லை. யாரும் பார்க்காதே என்று சொன்னதில்லை. பார் என்றும் சொன்னதில்லை.

முதலில் என் கண்ணிமைதான் தெரிந்தது. பிறகு சட்டென்று ஒரு வெளிச்ச வட்டம். அதற்குள் எண்ண முடியாத குட்டிக் குட்டிப் பச்சை உருவங்கள். பேரிக்காய் மாதிரி வடிவம். துள்ளிக்கொண்டு, ஒன்றையொன்று இடித்துக்கொண்டு, பள்ளிக்கூடம் விட்ட பிள்ளைகள் மாதிரி ஓடின. ஒவ்வொன்றிலும் ஓரமாகச் சின்னதாக ஒரு சிவப்புப் புள்ளி.

"அந்தச் செவப்பு என்னம்மா?"

"அதுதாங்கக்கா கண்ணு. அத வெச்சுத்தான் வெளிச்சம் எந்தப் பக்கம்னு கண்டுபிடிக்குது."

இலை சாகவில்லை. இலை தன்னிடம் இருந்த பச்சையை எல்லாம் பிள்ளைகளாக்கித் தண்ணீரில் அனுப்பிவிட்டது. அதனால்தான் அந்த வெளுப்பு. அவை இரண்டிரண்டாகச் சேர்ந்தோ தனியாகவோ எதிலாவது ஒட்டிக்கொண்டு, புதுப் பாசியாக முளைக்குமாம். ஒரு சொட்டில் அத்தனை. நான் கொட்டின பாட்டிலில் எத்தனை இருந்திருக்கும்!

துறைத் தலைவர் நிமிர்ந்தார். "இத்தனை நாள் சும்மா இருந்தது. திடீர்னு எப்படி? யார் என்ன பண்ணீங்க?"

இப்போதும் வாயை மூடிக்கொண்டிருந்திருக்கலாம். அந்தச் சந்தோஷத்தில் யாரும் துருவியிருக்க மாட்டார்கள். ஆனால் அந்தச் சிவப்புக் கண்களைப் பார்த்த பிறகு முடியவில்லை.

"நான்தான் சார். தொட்டி என்னாலதான் ஒடைஞ்சுது. எல பாட்டிலுக்குள்ள போகல. கிழிச்சுட்டேன்."

துறைத் தலைவர் என் பக்கம் திரும்பினார்.

"எத்தனை துண்டு?" என்று கேட்டார்.

"ஆறு சார்."

"கழுவினீங்களா?"

"புதுக் கடல் தண்ணியில மூணு தடவ. கீர அலசுற மாதிரி."

"எத்தனை மணிக்கு?"

"அஞ்சு மணிக்குள்ள இருக்கும்."

பாக்கெட்டிலிருந்து பேனாவை எடுத்து, கையில் கிடைத்த ஒரு கவரின் பின்பக்கத்தில் எழுதத் தொடங்கினார். எழுதிக்கொண்டே சொன்னார்: அந்த இலை, தான் பெருகாமல் இருப்பதற்காக ஏதோ ஒன்றைத் தானே தண்ணீரில் விட்டு வைத்திருக்குமாம். துண்டாக்கி, அலசி, தண்ணீரை மாற்றினால் அந்தக் கட்டு விட்டுப்போய்விடுமாம். மூன்று நாளில் இப்படி ஆகுமாம்.

"இது புதுசு இல்ல. புஸ்தகத்துல இருக்கு. நான் படிச்சு ரொம்ப நாளாச்சு. நீ படிக்கவே இல்ல" என்றார் ரெஹானாவைப் பார்த்து. பிறகு என்னிடம், "தொட்டிக்கு நான் எழுதிக்கிறேன், கூரை ஒழுகிச்சுன்னு" என்று சொல்லிவிட்டுப் போனார்.

ரெஹானா சாயங்காலம் வரை என்னோடு பேசவில்லை. கிளம்பும்போது மட்டும், "ரெண்டு நாள் இருந்துச்சேக்கா. சனிக்கிழமை நானே கூப்பிட்டேன். ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்" என்றாள்.

"தப்புதாம்மா" என்றேன்.

நூலில் ஒட்டிய பச்சை

மறுநாள் அவள் எனக்கு ஒரு நோட்டுப் புத்தகம் வாங்கி வந்தாள். கோடு போட்டது, நீல அட்டை. மேலே "சுமதி" என்று அவளே எழுதியிருந்தாள்.

"இனிமே என்ன செஞ்சாலும் இதுல எழுதிடுங்கக்கா. தப்பாப் போனாலும் எழுதுங்க. எழுதி வெச்சாத்தான் திரும்பச் செய்ய முடியும்."

இந்த வாரப் பத்திரிகையில் உங்களோடு பேசிக்கொண்டிருக்கிற தமிழ் அந்த நோட்டில்தான் பழகியது.

மிச்சமிருந்த ஐந்து பாட்டில் தண்ணீரையும் தட்டில் ஊற்றி, நைலான் நூல் சுற்றிய சட்டங்களை அதில் வைத்தால் குட்டிகள் நூலில் ஒட்டிக்கொள்ளும் என்றாள் ரெஹானா. அந்தச் சட்டத்தை எங்கே வாங்குவது? வீட்டில் சொன்னேன். என் வீட்டுக்காரர் அன்றைக்கே எங்கள் தெருமுனைப் பட்டறையில் துருப்பிடிக்காத கம்பி வாங்கி, நான்கு சட்டம் அடித்துக் கொடுத்தார். மறுநாள் அதைக் கொடுக்க ஆய்வகத்துக்கு வந்தவர் மைக்ரோஸ்கோப்பையும் பார்த்துவிட்டுத்தான் போனார்.

"இதுல ஆம்பள எது, பொம்பள எது?" என்று கேட்டார்.

"ரெண்டும் ஒரே மாதிரிதாங்க இருக்கும். பாத்தா தெரியாது" என்றாள் ரெஹானா.

"அப்ப வீட்டு வேலைய யாரு செய்யும்?" என்றார். ரெஹானா ஸ்டூலைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். அவள் பழையபடி சிரித்தது அன்றுதான்.

முதல் வாரம் நூலில் ஒன்றும் தெரியவில்லை. இரண்டாவது வாரம் நூலுக்குப் பச்சைச் சாயம் ஏறின மாதிரி இருந்தது. மூன்றாவது வாரம் ஆராய்ச்சிக் குழு வந்தபோது, விரலால் தடவினால் வெல்வெட் போல இருந்தது. குழு ஒன்றும் கைதட்டவில்லை. நிறையக் கேள்வி கேட்டார்கள். ஒருவர் திட்டத்தையே மாற்றச் சொன்னார். ஆனால் ஆறு மாதம் கூடுதல் அவகாசம் கொடுத்தார்கள். அதுவே எங்களுக்குப் பெரிய விஷயம்.

மாசி மாதம் தேசிங்கு அண்ணன் போன் பண்ணினார். "கல்லு தெரியுது எக்கா, வர்றியா?"

"இங்கயே இருக்குதுண்ணா" என்றேன். "தண்ணிக்கு மட்டும் வர்றோம்."

பண்ணைக்குப் போனோம்

இதெல்லாம் நடந்து இரண்டு மழைக்காலம் கடந்துவிட்டது. போன வாரம் பழவேற்காடு பக்கம் ஒரு இறால் பண்ணைக்காரர் தன் கழிவுநீர்க் குட்டையில் எங்கள் பாசியை விட்டுப் பார்க்கச் சம்மதித்தார். பன்னிரண்டு சட்டங்கள். ஈரச் சாக்கில் சுற்றி, வேனில் வைத்தோம். மேடு பள்ளத்தில் ஆடாமல் இருக்க நான்கு சட்டங்களை மடியிலேயே வைத்துக்கொண்டு போனேன். சேலையெல்லாம் உப்புத் தண்ணீர்.

ரெஹானா பண்ணைக்காரரோடு குட்டையின் அந்தக் கரைக்குப் போய்விட்டாள். நான் இந்தக் கரையில் சட்டங்களைப் பிரித்துக்கொண்டிருந்தேன். பண்ணையில் வேலை செய்யும் பெண்கள் நான்கைந்து பேர் வந்து சுற்றி நின்றார்கள்.

"இன்னாக்கா இது, கீரையா?" என்றாள் ஒருத்தி.

ரெஹானா வரட்டும் என்று சொல்ல வாயெடுத்தேன். சொல்லவில்லை. ஒரு சட்டத்தை வெயிலில் தூக்கிக் காட்டினேன். உள்ளங்கை அகலப் பச்சை இலைகள் நூல் முழுக்கத் தொங்கின. வெயில் அவற்றுக்குள் புகுந்து வந்து அந்தப் பெண்களின் முகத்தில் விழுந்தது.

"இதுக்குப் பேரு உல்வா" என்று ஆரம்பித்தேன். கழிவுநீர் பற்றிச் சொன்னேன், கிழித்து அலசுவது பற்றிச் சொன்னேன், குட்டிகளுக்குக் கண் இருப்பதைச் சொன்னேன். கண் என்றதும் நம்பாமல் சிரித்தார்கள். "ஆவடிக்கு வாங்க, காட்டுறேன்" என்றேன்.

அன்று நோட்டில் எழுதியது இதுதான்:

"வியாழன். காலை பதினொரு மணி. பன்னிரண்டு சட்டமும் இறக்கினோம். தண்ணீர் வெதுவெதுப்பு, லேசான நாற்றம். பாசி நல்ல பச்சை. பார்க்க வந்தவர்கள் ஐந்து பேர். விளக்கிச் சொன்னது சுமதி."